மேற்குச் சுவர்

சென்ற பொங்கலன்று நமது சங்கத்து அன்பர் ஒருவர் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். பேச்சுக்கிடையே வெளியே சென்று மேற்குச் சுவரைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்தவர், "சுவர் பட்டணத்துக் கட்டடம்போல் இருக்கிறதே! என் வீட்டுச் சுவரும் மழைக்கு ஊறுகிறது. நானும் இப்படிப் பலகை அடித்துவிடலாமா?" என்று கேட்டார். "தாராளமாய் அடிக்கலாம்" என்று சொல்ல வாயெடுத்தேன், ஆனால் சொல்லவில்லை. அந்தச் சுவருக்கு நான் பலகை அடித்தது ஒரு தடவை அன்று, இரண்டு தடவை. முதல் தடவை நேர்ந்ததை மறைத்து இரண்டாவதை மட்டும் காட்டுவது நேர்மையாகாது. அன்று விருந்தினர் நிறைந்திருந்தபடியால் விரிவாகப் பேச நேரமில்லை. ஆகவே நமது இதழின் வாயிலாகவே அவருக்கு விடை எழுதுகிறேன். சொந்தமாக ஒரு சிறு வீடு கட்டிக்கொண்டு இவ்வூர்ப் பக்கம் குடியிருக்கும் மற்றவர்களுக்கும் இது பயன்படக்கூடும்.

கரக்பூரில் எங்கள் வீட்டை என் தந்தையார் 1996-ஆம் ஆண்டில் கட்டினார். அவர் ரயில்வே பட்டறையில் தொழிலாளி. சம்பளத்தில் மிச்சம் பிடித்துக் கட்டிய வீடாதலால் உட்புறம் மட்டும் பூச்சுப் பூசினார். வெளிப்புறச் செங்கல் செங்கல்லாகவே நின்றது. "அடுத்த வருஷம் பார்க்கலாம்" என்பார். அந்த அடுத்த வருஷம் அவர் காலத்தில் வரவில்லை. மேற்குச் சுவரின் ஜன்னலுக்கு மேலே உத்தரத்துக் காங்கிரீட்டு ஈரமாயிருந்தபோது, ஓர் ஆணியால் பிள்ளையார் சுழி போட்டு, அதன் கீழே '1996 தை' என்று கீறினார். எனக்கு அப்போது எட்டு வயது. புதுச் சுவருக்குக் காலையும் மாலையும் தண்ணீர் ஊற்றுவது என் வேலை.

வங்காளத்துச் செங்கல் 10 அங்குல நீளம், 5 அங்குல அகலம், 3 அங்குலக் கனம் உடையது. ஒரு செங்கல் நீளமே சுவரின் கனம். அதாவது 10 அங்குலச் சுவர். இந்தச் சுவர் சாதாரண மழைக்கு அஞ்சாது. நனையும், வெயிலில் உலரும். ஆனால் நாள் கணக்கில் காற்றோடு மழை சாய்த்து அடித்தால், செங்கல் குடித்த நீர் மெல்ல மெல்ல உட்புறம் வந்து சேரும். இவ்வூரில் சித்திரை வைகாசியில் மாலை வேளைகளில் வடமேற்கிலிருந்து வரும் காலபைசாகிப் புயற்காற்றும், பிறகு வரும் பருவமழையும் மேற்குச் சுவரைத்தான் முதலில் தாக்கும். மழை இல்லாத நாட்களில் பிற்பகல் வெயிலும் அதன்மேல்தான்.

2021 மே 26-ஆம் தேதி யாஸ் புயல் ஒரிசாக் கரையில் ஏறியது. அன்றைய மழையில் எங்கள் உட்சுவரில் முத்து முத்தாக நீர் அரும்பி வழிந்தது. அந்தச் சுவரை ஒட்டித்தான் என் தாயாரின் கட்டில். அவருக்குப் பல வருஷமாக இழுப்பு உண்டு. அந்த ஆண்டு மழைக்காலம் முழுவதும் சுவரில் கரும்பூசணம் படர்ந்தது. அவருடைய இருமலும் இரவில் நிற்கவில்லை. மருத்துவர், ஓதமும் பூசணமும் இழுப்பை மிகுவிக்கும் என்று சொல்லிக் கட்டிலை மாற்றச் சொன்னார். இரண்டே அறை உள்ள வீட்டில் கட்டிலை எங்கே மாற்றுவது? கூடத்தில் போட்டோம். சுவரைச் சரிசெய்து அவரைத் திரும்ப அவ்வறைக்குக் கொண்டுவருவது என் பொறுப்பாயிற்று.

சாமான் கடைக்காரர் ஒருவர், பைபர் சிமெண்டு போர்டு என்று விற்கப்படும் பலகையைக் காட்டினார். சிமெண்டும் மணல்மாவும் மரக்கூழின் நாரும் சேர்த்து, மெல்லிய படலங்களாக அடுக்கி அழுத்திச் செய்வது அது. இம்முறையை 1901-ஆம் ஆண்டில் உரிமை பெற்று நிலைநாட்டியவர் ஆஸ்திரியா நாட்டு ஹாட்செக் என்பவர். அவர் நாருக்குக் கல்நார், அதாவது ஆஸ்பெஸ்டாஸ், சேர்த்தார். அதன் தூசி நுரையீரலைக் கெடுக்கும் என்று அறிந்த பிறகு பல நாடுகள் அதைத் தடைசெய்துவிட்டன. நம் நாட்டில் கல்நார்க் கூரைத் தகடுகள் இன்னும் விற்பனையில் இருப்பதால், பலகை வாங்குவோர் 'கல்நார் அற்றது' என்று அச்சிட்டிருக்கிறதா எனப் பார்த்து வாங்கவேண்டும். வெளிச்சுவருக்கு ஏற்ற பலகை வேறு, உள்ளறைக்கு ஏற்றது வேறு. இந்தியத் தர விதி 14862-இல் முன்னது 'ஏ' வகை, பின்னது 'பி' வகை. விலை சற்றுக் குறைவென்று 'பி' வகையை வெளியே அடித்தால் காசுக்குக் கேடு. இவற்றையெல்லாம் நான் பிற்பாடுதான் படித்தேன். வாங்கும்போது படித்தவை விலைச் சீட்டும் அளவும் மட்டுமே.

2022 மே மாதத்தில் கடைக்காரர் அனுப்பிய ஆட்கள் இரண்டே நாளில் வேலையை முடித்தார்கள். சுவரில் துளையிட்டுப் பலகைகளைச் செங்கல்லோடு செங்கல்லாக ஒட்டத் திருகாணி முடுக்கினார்கள். அடி விளிம்பு மண்ணில் உட்கார்ந்தது. பலகைகளை முற்றத்திலேயே மின்சார அறுவையால் உலர அறுத்தார்கள். வெள்ளைப் புழுதி வீடெல்லாம் படிந்தது. இருமல்காரியான என் தாயாரைத் திண்ணையில் உட்காரவைத்துவிட்டு நான் அலுவலகம் போய்விட்டேன். அந்தப் புழுதியில் சிலிக்கா உண்டு. கல் உடைக்கும் தொழிலாளரின் நுரையீரலைத் தின்னும் அதே தூசிதான் அது. அறியாமல் செய்தேன் என்பது உண்மை. ஆயினும் அதை நினைக்கும்போதெல்லாம் மனம் கூசுகிறது.

செலவு 31,000 ரூபாய். கூட்டுறவுக் கடன். வெளியிலிருந்து பார்க்க வீடு புதிதாகிவிட்டது. என் தந்தையார் சொன்ன 'அடுத்த வருஷத்தை' நான் கொண்டுவந்துவிட்டதாகப் பெருமை வேறு. உத்தரத்தில் அவர் கீறியிருந்ததும் பலகைக்குப் பின்னால் போயிற்று; அன்று அதை நான் பொருட்படுத்தவில்லை.

அந்த மழைக்காலம் ஓரளவு நன்றாகவே கழிந்தது. தாயார் தம் அறைக்குத் திரும்பினார். மறு ஆண்டு ஆவணியில் அறைக்குள் பழைய கோணியின் வாடை வீசத் தொடங்கியது. தரையிலிருந்து முழங்கால் உயரம்வரை சுவரில் வெள்ளை உப்புப் பூத்து, பூச்சு பொரிபொரியாக உதிர்ந்தது. வெளியே பலகைகளின் அடி விளிம்பு, நனைந்த புத்தக அட்டைபோல் ஏடு ஏடாகப் பிரிந்தது. பூசணம் முன்பைவிட மிகுந்தது. நான் அறைக்குச் சுண்ணாம்பு அடித்தேன். இரண்டு வாரத்தில் அதன்மேலும் கருமை பூத்தது.

ஒரு நாள் தாயார் சொன்னார்: "தம்பி, இந்தச் சுவருக்கு மூச்சு முட்டுகிறது."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "31,000 ரூபாய் கடன் வாங்கிச் செய்திருக்கிறேன், உங்களுக்கு எதைச் செய்தாலும் குறைதான்" என்று கடிந்து பேசிவிட்டேன். அவர் பதில் சொல்லவில்லை. தாமே தலையணையை எடுத்துக்கொண்டு கூடத்துக்குப் போனார்.

ரயில்வேயில் கட்டட வேலைகளைக் கண்காணித்து ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் நம் சங்கத்தில் இருக்கிறார். பெயர் போடக்கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறார். அவரை அழைத்து வந்தேன். வந்தவர் முதலில் பலகையைப் பார்க்கவே இல்லை. தரையைப் பார்த்தார். பிறகு உள்ளே வந்து, உட்சுவரில் ஓரடிச் சதுரப் பாலிதீன் தாள்கள் இரண்டை, ஒன்றை முழங்கால் உயரத்திலும் மற்றதைத் தலை உயரத்திலும் வைத்து, நான்கு ஓரமும் காற்றுப் புகாமல் நாடாவால் ஒட்டினார். "இரண்டு நாள் கழித்து வருகிறேன். தாளின் வெளிமுகத்தில் ஈரம் படிந்தால் அது அறைக் காற்றின் ஈரம். உள்முகத்தில் படிந்தால் சுவரிலிருந்து வருவது" என்று சொல்லிப் போனார். இரண்டாம் நாள் கீழ்த் தாளின் உள்முகத்தில் நீர் கோத்து நின்றது. மேல் தாளில் இலேசாக மட்டும் இருந்தது.

"மழை மேலிருந்து வருகிறது என்று நினைத்துப் பலகை அடித்தாய், தம்பி. இதில் பாதிக்குமேல் கீழிருந்து ஏறுகிறது" என்றார். மண்வெட்டியை வாங்கிச் சுவரோரம் அவரே தோண்டினார். முக்கால் அடி தோண்டிய பிறகுதான் வீட்டின் அடித்தள மேல்வரி தெரிந்தது. என் தந்தையார் தரையிலிருந்து ஒன்றரை அடி உயர்த்திக் கட்டிய அடித்தளம் அது. அதை மூடியவன் நானே. 2015-ஆம் ஆண்டில் சுவரோரம் செம்மண் கொட்டி மேடாக்கி வாழை வைத்தேன். சமையலறைக் கழிநீர் முழுவதும் அந்த வாழைக்குத்தான். நம்மவர் வீடுகளில் அது வழக்கமல்லவா? எங்கள் வாழையின் இலையில் சங்கத்துப் பொங்கல் விருந்தை உண்ட அன்பர்கள் பலர் இதைப் படிக்கக்கூடும். நாள்தோறும் பத்துக் குடம் தண்ணீரைச் சுவரின் காலடியில் ஊற்றிவிட்டு, அதன் உடம்பைப் பலகையால் இறுகப் போர்த்தியிருக்கிறோம். செங்கல் திரிபோல் நீரை உறிஞ்சி மேலே ஏற்றும். முன்பெல்லாம் அது வெளிப்பக்கமாக உலர்ந்துகொண்டிருந்தது. நான் வெளிவழியை அடைத்தேன். அது உள்வழியைத் தேடிக்கொண்டது. தாயார் சொன்ன சொல்லுக்கு இதைவிடச் சரியான விளக்கம் இல்லை.

வாழையை எடுக்கவேண்டும் என்று பெரியவர் சொன்னபோது நான் தாயாரின் முகத்தைப் பார்த்தேன். தந்தையார் மறைந்தபின் அவர் பிள்ளைபோல் வளர்த்த மரங்கள். "எடுத்துவிடுவோம் அண்ணா" என்று அவரிடம் சொல்லிவிட்டு, மறுநாள் காலை நான் எழுமுன் கன்றுகள் நான்கைக் கிளறி வேலியோரம் நட்டுவிட்டார். அன்று மாலை அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். "போய்க் கைகால் கழுவு, காப்பி ஆறுகிறது" என்றார்.

2023 நவம்பரில் பலகைகளைக் கழற்றினோம். பின்புறமெல்லாம் கரும்பூசணம்; சில திருகாணிகள் துருவேறித் தலை முறிந்தன. செம்மண்ணை வாரி, அடித்தளம் வெளித்தெரியும்படி தரையைத் தாழ்த்தி, சுவரைவிட்டு விலகிச் சரியும்படி சிமெண்டுத் தளம் போட்டோம். கழிநீருக்குத் தனிக் குழாய். மாடியிலிருந்து மழைநீர் இறங்கும் குழாயின் ஓர் இணைப்பு விட்டிருந்தது, அதையும் மாற்றினோம். உட்புறத்தில் உப்பேறிய பூச்சை மூன்றடி உயரம்வரை கொத்தி எடுத்தோம். செங்கல் இணைப்புகளில் பொடிந்த சாந்தைச் சுரண்டிப் புதிதாக அடைத்தோம். அதன்பின் ஒன்றும் செய்யவில்லை. நனைந்த சுவர் அங்குலக் கனத்துக்கு ஒரு மாதம் உலரவேண்டும் என்பது கட்டடக்காரர் கணக்கு. 10 அங்குலத்துக்குப் பத்து மாதம் ஆகும். அவ்வளவு காத்திருந்தால் மழை வந்துவிடும். வறண்ட ஆறு மாதம் போதும், மீதியைச் சுவர் பலகைக்குப் பின்னாலேயே உலர்த்திக்கொள்ளும்படி இம்முறை வழி செய்வோம் என்றார் பெரியவர்.

அந்த ஆறு மாதமும் தந்தையாரின் எழுத்து மீண்டும் வெளியே தெரிந்தது. அலுவலகத்திலிருந்து சைக்கிளில் திரும்பும்போது முதலில் கண்ணில் படுவது அதுதான்.

2024 மே மாதத்தில் இரண்டாவது வேலை. சுவரின் நீளம் 28 அடி, உயரம் 10½ அடி. அடியில் அரை அடியைத் தரையிலிருந்து விட்டுவிட்டால் 10 அடி. 8-க்கு 4 அடிப் பலகையை நிறுத்தி வைத்தால் கீழ் வரிசைக்கு ஏழு. மேலே மிஞ்சும் 2 அடிக்கு, ஒரு பலகையிலிருந்து நான்கு துண்டாக, இரண்டு. உடைந்தால் இருக்கட்டும் என்று ஒன்று. ஆகப் பத்து. கனம் 8 மில்லிமீட்டர். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 32 கிலோ இருக்கும். இருவர் தூக்கவேண்டும், அதுவும் நெட்டுக்குத்தாக. தட்டையாகத் தூக்கினால் நடுவில் முறியும். கணக்கெழுதும் தொழில் பார்ப்பவனாதலால் இந்த எண்களை எழுதும்போது எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி. படிப்பவர் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

முதலில் தூக்குக் குண்டு விட்டுப் பார்த்தோம். சுவர் நடுவில் முக்கால் அங்குலம் பிதுங்கியிருந்தது. துத்தநாகம் பூசிய இரும்புச் சட்டங்களை 16 அங்குலத்துக்கு ஒன்றாக நெட்டுக்குத்தாக நிறுத்தி, பள்ளமான இடங்களில் தகட்டுத் துண்டு கொடுத்து ஒரே சமமாக்கினோம். மரச் சட்டம் மலிவு. ஆனால் ஈரச் செங்கல்லும் இவ்வூர்க் கரையானும் அதை விட்டுவைக்கமாட்டா. சட்டம் படுக்கையாக இருக்கக்கூடாது. படுக்கைச் சட்டத்தில் நீர் தங்கும். காற்றும் மேலேற முடியாது. எங்கள் சுவரில் இணைப்புச் சாந்து பழையதாதலால், துளைகளைச் சாந்தில் இடாமல் செங்கல்லின் நடு உடம்பில், துளைக்கருவியின் தட்டும் விசையை நிறுத்திவிட்டு இட்டோம்.

சுவருக்கும் பலகைக்கும் இடையே ஓர் அங்குல இடைவெளி. இதற்காகத்தான் இத்தனை பாடும். பலகையின் இணைப்பில் எவ்வளவு மெழுகு அடைத்தாலும் சாய்மழையில் கொஞ்சம் நீர் புகத்தான் செய்யும். புகுந்த நீர் பலகையின் பின்முகத்தோடு வழிந்து அடியில் சொட்டிப் போய்விடும், செங்கல்லைத் தொடாது. அடியில் நுழையும் காற்று, வெயிலில் பலகை சூடேறும்போது மேலேறி வெளியே போகும். போகும்போது சுவரின் ஈரத்தையும் கொண்டுபோகும். ஆகவே அடியும் முடியும் திறந்திருக்கவேண்டும். எலியும் பூச்சியும் புகாதிருக்க இரு இடத்திலும் துளை வலை வைத்தோம். இரண்டு வரிசைப் பலகைகள் சேரும் படுக்கைக் கோட்டில் இசட் வடிவத் தகடு. ஜன்னலின் தலைமேல் நீர் வடித் தகடு. நெட்டுக்குத்து இணைப்புகளில் 3 மில்லிமீட்டர் இடம் விட்டு மெழுகு அடைத்தோம். திருகாணி விளிம்பிலிருந்து அரை அங்குலம் உள்ளே, மூலையிலிருந்து இரண்டு அங்குலம் உள்ளே இருக்கவேண்டும். இல்லையேல் மூலை தெறிக்கும். அறுத்த விளிம்புகளுக்கெல்லாம் மாட்டுமுன்னே வர்ணம் பூசினோம். பலரும் விட்டுவிடும் வேலை இது. நீர் குடிப்பது அந்த விளிம்புதான்.

அறுவை விஷயத்தில் இம்முறை எச்சரிக்கையாயிருந்தேன். தாயாரை ஜம்ஷெட்பூரில் என் தமக்கை வீட்டுக்கு அனுப்பிவிட்டேன். நேர்கோட்டு வெட்டுகளைக் கடின முனைக் கத்தியால் கீறி மடக்கி உடைத்தோம், புழுதியே இல்லை. ஜன்னல் மூலைகளை மட்டும் நீர் விட்டுக்கொண்டே அறுத்தோம். வங்காளி மிஸ்திரி இருவரும் முகக் கவசம் வேண்டாம் என்று சிரித்தார்கள். போடாவிட்டால் வேலை நிற்கும் என்று சொல்லித்தான் போடவைத்தேன்.

எழுத்தைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். ஜன்னலுக்கு மேலே பலகையில் ஒரு சதுரம் வெட்டி, அந்தப் பிள்ளையார் சுழியும் தையும் தெரியும்படி விடலாமென்று நான் கோடு கிழித்து வைத்திருந்தேன். பெரியவர், "செய்யலாம். ஆனால் நீர் நுழைய வாசல் வைக்கிறாய்" என்றார். எனக்கு மனம் ஒப்பவில்லை. ஜம்ஷெட்பூருக்குத் தொலைபேசியில் கேட்டேன். "அவர் தெருவில் போகிறவர் படிக்கவா எழுதினார்? சுவர் நிற்கவேண்டும் என்று எழுதினார். மூடு" என்றார் தாயார். மூடுமுன் மெல்லிய தாளை அதன்மேல் வைத்துக் கரியால் தேய்த்து ஒரு படி எடுத்துக்கொண்டேன். அது இப்போது பூஜை அலமாரியில் இருக்கிறது.

மொத்தச் செலவு 58,000 ரூபாய். முதலிலேயே சரியாகச் செய்திருந்தால் 31,000 மிச்சம். முதல் கடன் இன்னும் சம்பளத்தில் பிடித்தமாகிக்கொண்டிருந்தபோது இரண்டாவதற்கு மனைவியின் வளையல் இரண்டு அடகுக்குப் போயின, ஒன்று திரும்பிவிட்டது.

2024 அக்டோபர் 24-ஆம் தேதி இரவு டானா புயல் வந்தது. நான் தூங்கவில்லை. விளக்கை எடுத்துக்கொண்டு நான்கு தடவை உட்சுவரைத் தடவிப் பார்த்தேன். உலர்ந்திருந்தது. வெளியே போய்ப் பார்த்தபோது பலகையின் அடியிலிருந்து சொட்டுச் சொட்டாக நீர் வடிந்துகொண்டிருந்தது. அறையில் தாயார் கட்டிலில் படுத்திருந்தார். விழித்தபடிதான், "படு, அப்பா" என்றார். இழுப்பு அடியோடு தீர்ந்துவிட்டதென்று சொல்லமாட்டேன். மார்கழிக் குளிரில் இப்போதும் வருகிறது. மழைக்காலத்து இரவுகள்தாம் இலகுவாயின. பிற்பகலில் சுவரின் சூடும் முன்போல் அறைக்குள் இறங்குவதில்லை. இதை நாங்கள் எதிர்பார்க்கவில்லை.

இனி அன்பரின் கேள்விக்கு வருகிறேன். அவருடைய சுவர் எதனால் ஊறுகிறது என்பது எனக்குத் தெரியாது. பலகைக்கு முன்பணம் கொடுத்திருந்தால் கடைக்காரரைச் சற்றுப் பொறுக்கச் சொல்லவும். வருகிற ஞாயிறு காலை பத்து மணிக்கு நானும் பெரியவரும் வருகிறோம். பாலிதீன் தாளும் நாடாவும் நாங்களே கொண்டுவருகிறோம்; மண்வெட்டி ஒன்று மட்டும் வீட்டில் எடுத்து வைக்கவும்.